ஒரு கட்சியின் வரலாற்றைச் சத்தமாக வாசித்த ஞாயிறு

பாரிசின் லா ஷப்பலில், எங்கள் தமிழ்க் கடைத்தெருவில், என்னைப் "பென்சன் அண்ணை" என்று கூப்பிடும் பெடியன்கள் இரண்டு பேர் இருக்கிறார்கள். எனக்கு இன்னும் நாற்பது வயது ஆகவில்லை. ஆனால் நான் செய்த வேலை இப்போது இல்லை, அதைச் செய்த அச்சகமும் இல்லை. ஆகவே அந்தப் பெயரை மறுக்க என்னிடம் நியாயம் எதுவும் இல்லை. இருவரும் ரூ து ஃபொபூர் சேன்-தெனியில் ஒரு தொலைபேசிக் கடையின் பின்னறையில் இருந்து மரண அறிவித்தல்கள் செய்கிறார்கள். செய்ததை வட்சப்பில் குடும்பத்துக்கு அனுப்புவார்கள். அங்கிருந்து ஒரு கட்டைவிரல் வரும். அத்தோடு சரி.

"அண்ணை, முந்தி உந்த அறிவித்தலுகளைச் சத்தமா வாசிச்சுக் காட்டினனீங்களாம். மெய்யே?" என்று மூத்தவன் கேட்டான்.

"ஓம்."

"ஏன், ஆக்களுக்குக் கண் தெரியாதோ?"

சின்னவன் சிரித்தான். நானும் சிரித்தேன். ஆனால் கடை வாசலில் நின்றபடி சொல்லிவிடக்கூடிய பதில் இல்லை அது. அதனால்தான் எழுதுகிறேன்.

எங்கள் வீட்டில் முதன்முதலில் எழுத்துக் கூட்டினவன் நான். அப்பா மன்னார்க் கரையில் கடற்றொழில் செய்தவர். அம்மா கோயில் பாட்டுகளைக் காதால் கேட்டே பாடமாக்கியவர். வீட்டுக்கு எந்தக் காகிதம் வந்தாலும் நான் வாசிப்பேன், மற்றவர்கள் என் வாயைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். கேட்கிறவர்கள் பின்னால் வருகிறார்களா என்று பார்த்துப் பார்த்து வாசித்ததால் வேகம் எனக்குக் கைவரவில்லை. பிரான்சுக்கு வந்த பிறகு அகதி விண்ணப்பம், உணவகத்தில் கோப்பை கழுவல், மாலை நேரப் பிரெஞ்சு வகுப்பு என்று சில வருடங்கள் போயின. வந்தவர்கள் எல்லோருக்கும் அதே கதைதான், அதை விட்டுவிடுகிறேன்.

யோகண்ணையின் அச்சகத்தில் முதலில் தாள் கட்டுத் தூக்கத்தான் சேர்ந்தேன். நிலவறையில் அச்சு மெசின், மேலே ஒரு கணினி, வெட்டும் மெசின், வாடிக்கையாளருக்கு நான்கு கதிரை. கலியாணக் கார்ட், சாமத்திய வீட்டுக் கார்ட் எல்லாம் அடித்தோம். ஆனாலும் அவர் பெயர் வாங்கியது மரண அறிவித்தலிலும் முப்பத்தோராம் நாள் நினைவு மலரிலும்தான்.

யோகண்ணை சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. கண்ணாடியை மூக்கு நுனியில் வைத்துக்கொண்டு வேலை செய்வார். பிடிக்காத ஒன்று நடந்தால் கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப் பைக்குள் வைப்பார். கண்ணாடி பைக்குள் போனால் மெசினும் நிற்கும், நாங்களும் நிற்போம். அது திரும்ப மூக்குக்கு வரும்வரை யாரும் எதையும் தொடுவதில்லை.

அவர் ஒரு வாசிப்பு முறை வைத்திருந்தார். வேறெந்த அச்சகத்திலும் அதை நான் காணவில்லை. மரண அறிவித்தல் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். இன்ன ஊரைப் பிறப்பிடமாகவும் ஆர்ஜொந்தெயை வதிவிடமாகவும் கொண்டவர் காலமானார். அன்னார் இன்னாரின் பாசமிகு மகனும், இன்னாரின் அன்புக் கணவரும், இன்னாரின் மைத்துனரும் ஆவார். ஒவ்வொரு "உம்"முக்குள்ளும் ஒரு குடும்பம் இருக்கும். யாரை முன்னுக்குப் போடுவது, யாரை விடுவது என்று பிரேதம் எடுக்க முன்னமே சண்டை தொடங்கிவிடும். அதற்குத்தான் வாசிப்பு. அச்சுக்குப் போக முன்னர் எல்லாப் பக்கத்து ஆக்களும் கடைக்கு வர வேண்டும். உறவில்லாத ஒருவர் எழுந்து நின்று முழுவதையும் சத்தமாக வாசிப்பார். பிழை கண்டவர் "நில்" என்று சொல்லலாம். ஆனால் அந்தப் பிழையை எங்களுக்குச் சொல்லக் கூடாது, எதிர்ப் பக்கத்தாரின் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அதுவும் கண்டதை மட்டும். நினைத்ததற்கு இடமில்லை. கடைசியில் வாசித்தவர், "ஆரும் விடுபட்டவையோ?" என்று கேட்பார். பதில் வரும்வரை தேத்தண்ணி ஓடும்.

வாசிக்கிற ஆளாக என்னைத்தான் யோகண்ணை பிடித்தார். "நீ கண் தெரியாத ஆக்களுக்கு வாசிக்கிற மாதிரி வாசிக்கிறாய். அது காணும்" என்றார். அதைப் பாராட்டு என்றே எடுத்துக்கொண்டேன்.

ஆர்ஜொந்தெயிலிருந்து வந்த ஒரு குடும்பம் நினைவிருக்கிறது. இறந்தவரின் தம்பியின் பெயரை மூத்த மகன் விட்டிருந்தான், ஏதோ பழைய கோபம். தம்பியார் வாசலோடு நின்று கேட்டுக்கொண்டிருந்தார். சகோதரர் வரி முடிந்ததும், "நில்லுங்கோ" என்றார். "என்ர பேரைக் காணேல்லை, யோகண்ணை."

"என்னட்டைச் சொல்லாதையுங்கோ. மகனுக்குச் சொல்லுங்கோ."

அவர் உள்ளே வந்து மகனின் முன்னால் நின்றார். பிறகு, "தம்பி, உன்னைச் சைக்கிளிலை ஏத்திப் பள்ளிக்கூடம் கொண்டுபோனது நான்" என்றார். அவ்வளவுதான் சொன்னார். மகன் தாளைப் பார்க்காமலே, "போடுங்கோ" என்றான்.

இப்படிப் பல. ஆனால் பெடியன் கேட்ட கேள்விக்குப் பதில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் இல்லை. அது ஒரு ஆப்பிரிக்கக் கட்சியின் வரலாற்றில் இருக்கிறது.

மேற்கு ஆப்பிரிக்காவில், கடற்கரையை ஒட்டிய ஒரு சிறிய நாடு. பெயரை எழுதவில்லை, அங்கே இன்னும் தேர்தல்கள் நடக்கின்றன. அந்த நாட்டுக் கட்சி ஒன்று வெளிநாட்டிலிருந்து இயங்கிய காலத்தில் அதன் அலுவலகம் எங்கள் தெருவுக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு மாடி அறையில் இருந்தது. பிறகு கட்சி இரண்டாக உடைந்தது. ஒரு பக்கத்தின் பாரிஸ் செயலாளர் முசியே எதுவார். அங்கே ஆசிரியராக இருந்தவர், வயதானவர், வெயிலிலும் கோட் போடுவார். மறு பக்கத்துக்கு மதாம் செலஸ்தின். பக்கத்துத் தெருவில் துணிக்கடை வைத்திருந்தார், தன் கடை விளம்பரத் துண்டுகளை எங்களிடம்தான் அடிப்பார். இருவரும் கூடப்பிறந்த அண்ணனும் தங்கையும். உடைந்த நாள் முதல் பேச்சில்லை.

பிறகு ஒரு வருடம் இரண்டு பக்கமும் மறுபடி சேர்வதாகப் பேச்சு எழுந்தது. தங்கள் தலைநகரில் கூட்டு மாநாடு. அதற்கு ஒரு நிபந்தனை: இரு பக்கமும் ஏற்றுக்கொண்ட ஒரே வரலாற்றுப் புத்தகம் பிரதிநிதிகளின் கையில் இருந்தால்தான் இணைப்புக்கு வாக்கெடுப்பு. புத்தகம் இல்லையென்றால் அடுத்த தேர்தலிலும் தனித்தனியே நின்று தனித்தனியே தோற்பார்கள். முசியே எதுவார் மாநாட்டோடு ஊருக்கே திரும்பிப் போய்விடப் போகிறார் என்பதும் எங்களுக்குத் தெரியும். அவர்கள் செவ்வாய்க்கிழமை விமானம் ஏற வேண்டும்.

"உவை இடதோ, வலதோ?" என்று யோகண்ணை கேட்டார்.

"நடுவிலை நிண்டு இடப்பக்கம் சாயிறவை, அண்ணை. புரட்சி வேண்டாம், தேர்தல் வேணும் எண்டினம். எல்லாருக்கும் பள்ளிக்கூடம், மருந்து. கடைக்காரன்ர கடையைப் பறிக்கக் கூடாது, வரியை ஒழுங்கா வாங்க வேணும்."

"பஸ்ஸிலை நிக்கிற ஆக்கள் மாதிரி."

"அப்பிடித்தான்."

அந்தப் புத்தகத்தை அடிக்க எங்களிடம் வந்ததற்குக் காரணம், நாங்கள் எந்தப் பக்கமும் இல்லை என்பதுதான். வேலையோ நகரவில்லை. காலையில் அண்ணன் திருத்திய பக்கம் வரும். பின்னேரம் தங்கை அதையே வெட்டி அனுப்புவார். மறுநாள் காலை அண்ணன் மறுபடியும் பழையதைப் போடச் சொல்லுவார். வெள்ளிக்கிழமை யோகண்ணையின் கண்ணாடி பைக்குள் போனது.

"ரெண்டு பகுதியையும் ஞாயிற்றுக்கிழமை வரச்சொல்லு. வாசிப்பம்."

"அண்ணை, அது செத்தவீட்டு அலுவலெல்லோ. இது கட்சி."

"கட்சியும் குடும்பந்தானே. செத்துப்போக முதலே வாசிச்சால் இன்னும் நல்லம்."

ஞாயிறு பின்னேரம் கடைக் கதவைப் பாதி இறக்கி வைத்தோம். இரு பக்கத்திலிருந்தும் இன்னும் சில ஆண்கள் வந்து தாள் கட்டுகளின் மேல் இருந்தார்கள். அண்ணன் கதிரையின் நுனியில். தங்கை வெட்டும் மெசினுக்குப் பக்கத்தில், முகத்தை மெசின் பக்கம் திருப்பி. யோகண்ணை தன்னுடைய உடைந்த பிரெஞ்சில் முறையை விளக்கினார். அவர்கள் பேசியதும் பிரெஞ்சுதான். என் காதில் அது எந்தத் தமிழாக விழுந்ததோ அந்தத் தமிழில் எழுதுகிறேன்.

நான் எழுந்து நின்று வாசித்தேன். நாட்டில் ஒரே கட்சிக்குத்தான் இடம் என்றிருந்த காலத்தில், துறைமுகத் தொழிலாளர்களும் பள்ளி ஆசிரியர்களும் ஒரு வகுப்பறையில் கதவைச் சாத்திவிட்டுத் தொடங்கிய கட்சி. முதல் துண்டுப்பிரசுரம் பள்ளிக்கூடத்தின் உருளை அச்சில் அடிக்கப்பட்டது. பரீட்சைத் தாள் அடிக்கிற மெசின் அது. பிறகு தடை, சிறை. தப்பியவர்கள் பாரிஸ் வந்து பகலில் படித்தார்கள், இரவில் கட்டிடக் காவல் பார்த்தார்கள், ஞாயிற்றுக்கிழமைகளில் கட்சி நடத்தினார்கள். எனக்கு அந்தப் பக்கங்களை வாசிக்க அகராதி தேவைப்படவில்லை.

"பெண் தோழர்கள் ஒத்துழைத்தனர்" என்று ஒரு வரி வந்தது.

"நில்லுங்கோ" என்றார் மதாம் செலஸ்தின், மெசினைப் பார்த்தபடி. "தடை செய்த பத்திரிகையைத் துணிக்கட்டுக்குள்ளை மடிச்சு வைச்சு விமானத்திலை கொண்டுபோனது நாங்கள். அது ஒத்துழைப்பெண்டால் விமானமும் ஒத்துழைச்சதுதான்."

"மதாம், அந்த மெசினுக்குப் பிரெஞ்சு தெரியாது. உங்கட முசியேக்குச் சொல்லுங்கோ" என்றார் யோகண்ணை.

எல்லோரும் சிரித்தார்கள், மதாம் சிரிக்கவில்லை. பாதி திரும்பினார். "முசியே செயலாளருக்கு இது தெரியும்" என்றார்.

"தெரியும். திருத்துங்கோ" என்றார் அண்ணன்.

அப்படியே போய்க்கொண்டிருந்தது. பல கட்சித் தேர்தல் வந்தது, பாதிப் பேர் நாடு திரும்பினார்கள், கட்சி மூன்றாவதாக வந்தது. ஆளும் கட்சி கூட்டுக்குக் கூப்பிட்டது, கல்வி அமைச்சைத் தருகிறோம் என்றது. எத்தனையோ வருடம் "எல்லாருக்கும் பள்ளிக்கூடம்" என்று கத்தியவர்களிடம் பள்ளிக்கூடப் பூட்டின் திறப்பையே நீட்டினால் என்ன செய்வது? வாங்குவோம் என்றது அண்ணனின் பக்கம். சிறைக்கு அனுப்பியவன் கையால் வாங்குவதில்லை என்றது தங்கையின் பக்கம். அதுவரை இரு பக்கமும் ஒத்துக்கொண்டது. அடுத்த பக்கத்தில்தான் இரண்டு வரிகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இருந்தன. இரண்டையும் வாசித்தேன்.

"சில தோழர்கள் கட்சியை விட்டு விலகினர்." இது அண்ணனுடையது.

"சில தோழர்கள் கட்சியிலிருந்து துரத்தப்பட்டனர்." இது தங்கையுடையது.

அங்கே எல்லாம் நின்றது. 'துரத்தப்பட்டனர்' என்று அச்சில் வந்தால் எங்கள் பக்கத்துப் பிரதிநிதிகள் மண்டபத்துக்குள்ளேயே வரமாட்டார்கள் என்றார் எதுவாரோடு வந்தவர். 'விலகினர்' என்று வந்தால் எங்கள் பக்கத்தில் ஒருவரும் விமானம் ஏறமாட்டார்கள் என்றார் செலஸ்தினோடு வந்தவர். ஒருவர் ஏற்கெனவே தொப்பியை எடுத்துவிட்டார். நான் தாளைப் பிடித்துக்கொண்டு நின்றேன். எனக்கு ஒரு கட்சியும் இல்லை. ஆனாலும் தாளைக் கீழே வைக்க மனம் வரவில்லை. எங்கள் சனமும் எத்தனை துண்டாக உடைந்தது என்று எனக்குத் தெரியும். ஒன்றையொன்று பார்த்து ஒரு பக்கம் எழுத அதில் எந்தத் துண்டாலும் ஏலாமல் போனதும் தெரியும்.

யோகண்ணை கண்ணாடியைக் கழற்றிப் பைக்குள் வைத்தார்.

"துரத்தினது, விலகினது எல்லாம் நீங்கள் நினைச்சது. கண்டது என்ன? அதை மட்டும் சொல்லுங்கோ. அவருக்குச் சொல்லுங்கோ."

மதாம் செலஸ்தின் முழுவதும் திரும்பினார். அண்ணனின் முகத்தைப் பார்த்தார்.

"அமைச்சு வாங்கிறதெண்டு முடிவான அடுத்த திங்கட்கிழமை காலமை இஞ்சத்தை அலுவலகத்துக்குத் திறப்போடை வந்தனான். பூட்டுக்குள்ளை திறப்புப் போச்சுது, திரும்பேல்லை. கதவுக்குக் கீழாலை வெளிச்சம் தெரிஞ்சுது."

முசியே எதுவார் கோட்டின் பொத்தானைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"பூட்டை மாத்தினது நான்" என்றார். "உள்ளுக்கை இருந்ததும் நான்."

"தெரியும். உங்கட இருமல் கேட்டது."

"நீ தட்டேல்லை."

"என்ர கட்சிக் கதவை நான் ஏன் தட்ட வேணும்?"

அதுவரை இருவரும் ஒருவரையொருவர் மூன்றாம் ஆளிடம் சொல்வது போலவே பேசியிருந்தார்கள் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. அண்ணன் பொத்தானை விட்டார்.

"தட்டுவாய் எண்டு பாத்துக்கொண்டிருந்தனான்" என்றார். "தட்டியிருந்தால் திறந்திருப்பன் எண்டு சொல்லமாட்டன். அது நினைக்கிறது. பாத்துக்கொண்டிருந்தனான், அது நடந்தது."

யோகண்ணை என்னைப் பார்த்தார். நான் கணினிக்கு முன்னால் இருந்து அவர்கள் சொன்னதை மட்டும் அடித்தேன். பிறகு எழுந்து நின்று வாசித்தேன்:

"அந்தத் திங்கட்கிழமை அலுவலகத்தின் பூட்டு மாற்றப்பட்டிருந்தது. திறப்புடன் வந்த தோழர்களால் உள்ளே போக முடியவில்லை. உள்ளே இருந்தவர்கள் கதவைத் திறக்கவில்லை. வெளியே நின்றவர்கள் தட்டவில்லை."

தொப்பியை எடுத்தவர் அதைத் திரும்ப மடியில் வைத்தார். "இதிலை பொய் இல்லை" என்றார். எதுவாரோடு வந்தவர் யாருக்கோ தொலைபேசி எடுக்க எழுந்தார், பிறகு எடுக்காமலே இருந்துவிட்டார். யோகண்ணையின் கண்ணாடி மூக்குக்கு வந்தது.

மீதியை வாசித்து முடித்தேன். முறைப்படி கடைசிக் கேள்வியைக் கேட்க வேண்டும். கேட்காமல் விட்டால் என்ன என்று ஒரு கணம் தோன்றியது. நன்றாக முடிந்திருந்தது, மறுபடியும் ஏன் கிளற வேண்டும்? யோகண்ணை தேத்தண்ணிக் கோப்பைகளை வைத்தபடி தலையை ஆட்டினார். கேட்டேன்.

"ஆரும் விடுபட்டவையோ?"

"ஓம்" என்றார் மதாம் செலஸ்தின். "ஒராள் விடுபட்டிட்டுது."

தாள் கட்டுகளின் மேல் இருந்தவர்கள் நிமிர்ந்தார்கள். பூட்டு மாற்றியவரின் பெயரைப் போடச் சொல்லப் போகிறார் என்றுதான் நானும் நினைத்தேன். முசியே எதுவாரும் அப்படித்தான் நினைத்திருக்க வேண்டும். கையை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தார்.

"முதல் பக்கத்துக்குப் போங்கோ, தம்பி. அந்தத் துண்டுப்பிரசுரம்."

வாசித்தேன். "முதல் துண்டுப்பிரசுரம் பள்ளிக்கூடத்தின் உருளை அச்சில் அடிக்கப்பட்டது."

"ஆர் அடிச்சது?"

"அது முக்கியமில்லை" என்றார் அண்ணன். புத்தகத்தின் பெரும்பகுதியை எழுதியவர் அவர்தான். அதில் தன் பெயரை எங்கேயும் போடவில்லை.

"கண்டதைச் சொல்லச் சொன்னவர் இந்த முதலாளி. நான் கண்டனான். முழங்கை வரைக்கும் மையோடை வீட்டை வந்து நிண்டவர். கை கழுவாட்டில் சாப்பாடு இல்லையெண்டு அம்மா வாசல்லை மறிச்சவ. கிணத்தடியிலை நான்தான் தண்ணி ஊத்தினனான். மை போகவேயில்லை." என் பக்கம் திரும்பினார். "எழுதுங்கோ. அடிச்சது என்ர அண்ணன், எதுவார்."

முசியே எதுவார் தன் கைகளைப் புரட்டிப் பார்த்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "தோழர் எதுவார் எண்டு போடுங்கோ" என்றார். "இது கட்சிப் புத்தகம்."

"அச்சிலை தோழர்" என்றார் தங்கை. "இஞ்சை அண்ணன். தேத்தண்ணியைக் குடியுங்கோ, ஆறுது."

திங்கட்கிழமை முழுக்க மெசின் ஓடியது. மாநாட்டில் இணைப்பு நிறைவேறியது என்ற செய்தியை, பிறகு மதாம் செலஸ்தின் எங்கள் கடை வாசலில் நின்று சொன்னார். அதைக் கேட்டு யோகண்ணை கதிரையில் இருந்த விதம் எனக்கு மறக்காது. ஒரு கலியாணத்தை ஒப்பேற்றிவிட்ட தகப்பன் அப்படித்தான் இருப்பார். அவர்கள் ஆட்சியைப் பிடிக்கவில்லை. ஆனால் ஒரே கட்சியாகத் தேர்தலில் நின்று நாடாளுமன்றத்தில் பிரதான எதிர்க்கட்சியாக இருக்கிறார்கள். அதற்கு நாங்கள் காரணம் என்று நான் சொல்லவரவில்லை. ஒரு ஞாயிறு பின்னேரம் எங்கள் கடையில் ஒரு பக்கம் எழுதப்பட்டது, அவ்வளவுதான்.

சில வருடங்களுக்குப் பிறகு யோகண்ணைக்கு நிலவறைப் படி இறங்குவது சிரமமாகி, மெசினை விற்றார். இப்போது லெ பிளாங்-மெனிலில் மகளோடு இருக்கிறார். நான் ஒரு சாமான் ஏற்றும் கொம்பனியின் அலுவலகத்தில் வேலை செய்கிறேன். உண்மையைச் சொன்னால், வாசிப்பு வேலை முடிந்ததில் எனக்கு நிம்மதிதான். மற்றவர்களின் இழவு ஒவ்வொரு வாரமும் என் வாயால் போய்க்கொண்டிருந்தது. இப்போது ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஞாயிற்றுக்கிழமையாகவே இருக்கிறது. பெடியன்களின் வேலையையும் நான் குறை சொல்லவில்லை, வடிவாகச் செய்கிறார்கள். ஆனால் கட்டைவிரலை அனுப்பியவர் யாருடைய முகத்தையும் பார்க்காமல்தான் அனுப்பியிருப்பார். நான் சொல்ல நினைத்தது அதைத்தான்.

அந்தச் செவ்வாய்க்கிழமைக் காலையையும் சொல்லி முடிக்கிறேன். புத்தகப் பெட்டிகளை எடுக்க அண்ணனும் தங்கையும் ஒன்றாக வந்தார்கள். பக்கத்து மரக்கறிக் கடையில் தள்ளுவண்டி ஒன்றை இரவல் வாங்கிக் கொடுத்தோம். பெட்டிகளை ஏற்றிக்கொண்டு மெற்றோ பக்கமாகத் தள்ளிக்கொண்டு போனார்கள். கொஞ்சத் தூரம் போனதும் வண்டி நின்றது. கல்வி அமைச்சை அன்று வாங்கியது சரியா பிழையா என்று தெருவின் நடுவிலேயே தொடங்கிவிட்டார்கள். தங்கை கையை வீசிக் கத்துகிறார், அண்ணன் கோட்டோடு நின்று விரலை ஆட்டிக் கத்துகிறார், சனம் இருபக்கமும் விலகிப் போகிறது.

"அண்ணை, திரும்பவும் சண்டை பிடிக்கினம்" என்று உள்ளே ஓடிப்போய்ச் சொன்னேன்.

யோகண்ணை வாசலுக்கு வந்து எட்டிப் பார்த்தார். கண்ணாடி மூக்கிலேயே இருந்தது.

"பிடிக்கட்டும்" என்றார். "சத்தமாத்தானே பிடிக்கினம்."